செபமாலைக்கு ஏற்றிய மெழுகுதிரி

யாழ்ப்பாணத்துக் குருநகரில் அற்புதராணியின் வீட்டுக்கு வழி கேட்பவர்கள் பெயரை மட்டும் சொன்னால் போதாது. அந்தப் பெயரில் அங்கே பலர் இருக்கிறார்கள். பேஸ் கிற்றார் செபமாலையின் மனுசி வீடு எது என்று கேட்க வேண்டும். கேட்டவுடனே காட்டிவிடுவார்கள். செபமாலையை ஊர் கடைசியாகக் கண்டு முப்பது வருடத்துக்கு மேலாகிவிட்டது. ஆனாலும் அவள் இன்றைக்கும் அவனுடைய மனுசிதான். மனுசியாயிருந்தவள் என்று யாராவது வாய் தவறிச் சொன்னால், செய்கிற வேலையை நிறுத்திவிட்டுச் சொன்னவர் முகத்தைப் பார்ப்பாள். அவர்களாகவே திருத்திக்கொள்வார்கள்.

எண்பதுகளில் அந்த ஊர் இளைஞர்கள் சிலர் சேர்ந்து தொடங்கிய பாண்டின் பெயர் ‘புளூ ஆங்கேர்ஸ்’. திருவிழாவுக்கும் கலியாண வீட்டுக்கும் பைலா வாசிக்கிற கோஷ்டிகள் அப்போது ஏற்கெனவே இருந்தன. இவர்களுக்கு அது காணாது, இன்னும் வேண்டும். கொழும்பிலிருந்து வந்த ஆங்கில இசைத்தட்டுகளைத் தேயுமட்டும் கேட்டுவிட்டு, தமிழில் றொக் பாடுவோம் என்று ஒற்றைக் காலில் நின்றார்கள். லெனாட் பாடினான், முன் கிற்றாரும் அவன்தான். சூசைதாசன் ட்றம் அடித்தான். நீளக் கைக்காரனான செபமாலைக்குப் பேஸ். வலைகள் அடுக்கி வைக்கிற கொட்டில் ஒன்றுக்குள் பழகினார்கள். அந்தச் சத்தத்தில் பக்கத்து வளவுக் கோழிகள் முட்டையிட மறுத்ததாக ஊரில் ஒரு கதை உண்டு.

மேடையில் லெனாட் துள்ளுவதைப் பார்க்கத்தான் பிள்ளைகள் முண்டியடிப்பார்கள். அற்புதராணி மட்டும் ஓரமாகத் தலையைக் குனிந்தபடி நின்று வாசிப்பவனைப் பார்த்தாள். அவன் நிமிரவே மாட்டான். ஒரு நாள் நிமிர்ந்தான். பிறகு நடந்தவை எல்லா வீட்டிலும் நடக்கிறவைதான்: தகப்பன் ஏசியது, தாய் அழுதது, கடைசியில் சுவாமியார் வந்து கதைத்துச் சரிக்கட்டியது.

1985இல் அவர்கள் ஒரு கசற் வெளியிட்டார்கள். ‘ஏழு வெளிச்சம்’ என்று பெயர், ஏழு பாட்டுகள். ஐந்தாவது பாட்டு பேஸ் கிற்றார் தனியாகத் தொடங்குவது. மற்ற வாத்தியங்கள் ஒவ்வொன்றாக வந்து சேரும்வரை செபமாலை மட்டும் வாசித்துக்கொண்டிருப்பான். பின்னாளில் குடாநாட்டில் மின்சாரம் இல்லாமற்போன வருடங்களில், சைக்கிளைக் கவிழ்த்து வைத்து டைனமோவைச் சுற்றித்தான் சனம் அந்தக் கசற்றைக் கேட்டது. சுற்றுகிறவன் களைத்தால் பாட்டும் களைத்துப்போகும். வெளிநாட்டுக்குப் போனவர்களின் பைகளில் உடுப்போடு உடுப்பாக அதுவும் போனது.

லெனாட் முதலில் பாரிசுக்குப் போனான். சூசைதாசன் கனடாவுக்குப் போனான். செபமாலையையும் வரச் சொல்லி லெனாட் எழுதிக்கொண்டேயிருந்தான். கலியாணமாகி இரண்டாம் வருடம், மனைவியின் வயிற்றில் பிள்ளை இருந்த நேரம், கடவுச்சீட்டு அலுவலாகக் கொழும்புக்குப் போய்வருகிறேன் என்று செபமாலை புறப்பட்டான். சண்டையால் பாதை மூடியிருந்த அந்தக் காலத்தில் வள்ளமேறிக் கிளாலிக் கடலைத் தாண்டிவிட்டான் என்பது வரை செய்தி வந்தது. அதற்குப் பிறகு வந்த ஒரே செய்தியைக் கொண்டுவந்தவர் சுன்னாகத்து வெங்காய வியாபாரி ஒருவர். வவுனியாவிலிருந்து கொழும்புக்குப் போன பஸ்ஸில் அவரும் இருந்திருக்கிறார். வழியில் பஸ்ஸை மறித்தார்கள், சில பொடியன்களை இறக்கினார்கள், நீளக் கையுள்ள அந்தப் பொடியனும் இறங்கினான், பஸ் புறப்பட்டுவிட்டது. மறித்தவர்கள் யார் என்று அவரால் உறுதியாகச் சொல்ல முடியவில்லை. அற்புதராணி பல தடவை சுன்னாகம் போய் அவரிடம் அதையே திரும்பவும் சொல்லச் சொல்லிக் கேட்டாள். அவரும் சலிக்காமல் சொன்னார். அவர் செத்தபோது செத்த வீட்டுக்குப் போய், குடும்பத்தாரைவிட அதிகமாக அழுதாள்.

மகள் றொசாந்தி பிறந்தாள். அற்புதராணி நண்டு உடைத்துச் சதை எடுக்கிற கொம்பனியில் வேலைக்குச் சேர்ந்து, அந்த உழைப்பில் மகளைப் படிப்பித்து, மருந்துக்கடையில் வேலைக்குப் போகப் பண்ணி, கலியாணமும் செய்துகொடுத்தாள். விசாரணை என்று வந்த எல்லாரிடமும் போய்ச் சொன்னாள். மரணச் சான்றிதழ் எடுத்தால் உதவி கிடைக்கும் என்று உத்தியோகத்தர்கள் தன்மையாகத்தான் சொன்னார்கள். அவள் எடுக்கவில்லை. நிறச் சேலைதான் உடுப்பாள். தாலியைக் கழற்றவில்லை. வருடா வருடம் அவனுடைய பிறந்தநாளுக்குக் கோயிலில் பூசைக்குக் கொடுப்பாள், சுகமாகத் திரும்பி வரவேண்டும் என்ற கருத்துக்கு. மாதத்தில் ஒரு நாள், காணாமற்போன பிள்ளைகளையும் புருசன்மாரையும் தேடுகிற பெண்களோடு போய், வீதியோரம் படத்தைப் பிடித்துக்கொண்டு இருப்பாள்.

இப்படி இருக்கும்போதுதான் லெனாட் பாரிசிலிருந்து தொலைபேசி எடுத்தான். ‘ஏழு வெளிச்சம்’ வெளிவந்து நாற்பது வருடமாகிறது. பழைய ஆட்கள் எல்லாரும் திரும்பவும் சேர்கிறோம். பாரிஸ், லண்டன், ரொறன்ரோ, கடைசியாக யாழ்ப்பாணம் என்று சுற்றிவரப் போகிறோம் என்றான். செபமாலை கிற்றாரோடு நிற்கிற நல்ல படம் ஒன்று வேண்டும் என்றும் கேட்டான். அற்புதராணிக்குக் கால் நிலத்தில் நிற்கவில்லை. நாலு நாட்டில் அவனுடைய படத்தைக் காட்டப்போகிறார்கள். யாராவது ஒருவர், எங்கேயாவது, இவரைக் கண்டிருக்கிறேன் என்று சொல்லமாட்டாரா? றொசாந்தி படத்தைப் போனில் எடுத்து அனுப்பிவைத்தாள்.

மே மாதம் பாரிஸ் நிகழ்ச்சி நடந்தது. ஞாயிறு பூசை முடிந்து வந்து தாயும் மகளும் மகளுடைய போனில் அதைப் பார்த்தார்கள். லெனாட் பருத்துப்போயிருந்தான், குரல் மட்டும் அப்படியே இருந்தது. நாலு பாட்டு முடிந்தது. மேடை இருட்டாகியது. ஒரு கதிரை, அதில் சாத்திய பேஸ் கிற்றார், பக்கத்தில் பூமாலை போட்ட செபமாலையின் படம். லெனாட் மெழுகுதிரி ஒன்றைக் கொளுத்திப் படத்தின் முன் வைத்தான். எங்களைவிட்டுப் பிரிந்த எங்கள் செபமாலைக்கு என்றான். மண்டபம் முழுவதும் எழுந்து நின்றது. ஐந்தாவது பாட்டு தொடங்கியது.

றொசாந்தி வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். பார்த்தால் அது துக்க அழுகை மாதிரி இல்லை. நெடுநாள் கேட்ட ஒன்று கையில் கிடைத்தவளின் அழுகை. அற்புதராணி பாட்டு முடியும்வரை போனையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, லெனாட்டின் நம்பரை எடுத்துத் தரச் சொன்னாள்.

“லெனாட் அண்ணை, அவருக்கு ஏன் மெழுகுதிரி கொளுத்தினனீங்கள்?”

நன்றி சொல்லத்தான் எடுக்கிறாள் என்று லெனாட் நினைத்திருக்க வேண்டும். “சனம் அழுதது ராணி. அவனை நாங்கள் ஒருத்தரும் மறக்கேல்லை எண்டு காட்டத்தான்.”

“மறக்கேல்லை எண்டா வெறுங்கதிரையை வைச்சிருக்கலாம். மாலை என்னத்துக்கு?”

லெனாட் மன்னிப்புக் கேட்டான். மனதைப் புண்படுத்த நினைக்கவில்லை, மற்றவர்களோடும் கதைக்கிறேன் என்றான். கதைத்தானோ என்னவோ, லண்டனிலும் மெழுகுதிரி எரிந்தது. அதற்கென்றே சனம் வருகிறது என்று மற்றவர்கள் சொன்னார்களாம். ரொறன்ரோவில் மெழுகுதிரியைக் கண்டதும் ஆயிரக்கணக்கானவர்கள் போன் வெளிச்சங்களை உயர்த்திப் பிடித்தார்கள். மேலிருந்து யாரோ அதைப் படம் பிடித்திருந்தார்கள். ஊரில் அந்த வீடியோ வராத போனே இல்லை.

அதற்குப் பிறகு அவள் எங்கே போனாலும் அது அவளுக்கு முன்னமே போய் நின்றது. நண்டுக் கொம்பனியில் பக்கத்து மேசைப் பெண் கையுறையைக் கழற்றிவிட்டு வந்து கட்டிப்பிடித்தாள். புதிதாக வந்த சுவாமியார், அடுத்த முறை பூசையை, செத்தவர்களுக்குக் கொடுப்பதுபோல, ஆன்ம இளைப்பாற்றிக்கு வைப்போமா என்று மெதுவாகக் கேட்டார். எல்லாரும் அன்பாகத்தான் வந்தார்கள். ஏசுகிறவரோடு சண்டை பிடிக்கலாம். கட்டிப்பிடிக்கிறவரை என்ன செய்வது? இல்லை, அவர் இருக்கிறார் என்று அவள் சொல்லும்போது, ஓம் ஓம் என்று தலையைத் தடவினார்கள்.

எல்லாவற்றிலும் பார்க்க அவளை நொறுக்கியது வீதியோரத்தில் நடந்தது. புத்தூரிலிருந்து மகனைத் தேடி வருகிற பராசக்தி என்ற வயதான தாய், வழமையாகத் தன் பாயில் அவளுக்கும் இடம் விடுபவர், அன்றைக்கு அவளைக் கண்டதும் தடுமாறினார்.

“பிள்ளை, நீ ஏற்றுக்கொண்டிட்டியோ?” என்று கேட்டார்.

இல்லை என்று அவள் சொன்னாள். பராசக்தி இடம் விட்டார். ஆனால் அன்று முழுவதும் அவளோடு கதைக்கவில்லை.

ஓகஸ்ட் மாதம் லெனாட் யாழ்ப்பாணம் வந்தான். வந்த மறுநாளே சொக்கிளேற்றும் வாசனைத் தைலமுமாக வீட்டுக்கு வந்து, அவள் ஊற்றிக் கொடுத்த தேத்தண்ணியைக் குடித்து, சுவரிலிருந்த படத்துக்குக் கிட்டப் போய்ப் பார்த்தான்.

“இஞ்சை அதைச் செய்யாதேங்கோ அண்ணை” என்றாள் அற்புதராணி. “அங்கை செய்ததை என்னாலை தடுக்கேலாமல் போச்சு. இது அவர் பிறந்த ஊர்.”

“அவன் இருந்தா என்னை ஒருக்காலெண்டாலும் தேடியிருப்பான் ராணி” என்றான் லெனாட். “உன்னை விடு. என்னைத் தேடியிருப்பான்.”

“தேடேலாத இடத்திலை இருக்கலாம்.”

லெனாட் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். மெழுகுதிரி இல்லை, படம் இல்லை, பேரும் சொல்லமாட்டேன், நீ வா என்று அவள் கையைப் பிடித்து வாக்குக் கொடுத்தான். அந்த வாக்கை நம்பித்தான் அவள் போனாள். சிவப்புக் கரை போட்ட சேலையை உடுத்திக்கொண்டு, மகளோடு முன்வரிசையில் இருந்தாள்.

லெனாட் சொன்ன சொல்லைக் காப்பாற்றினான். அதையும் சொல்லத்தான் வேண்டும். மைதானம் நிரம்பியிருந்தது. கசற் காலத்து ஆட்களைவிட அவர்களுடைய பிள்ளைகள்தான் கூட. நாலாவது பாட்டு முடிந்தபோது மேடையை அவன் இருட்டாக்கவில்லை. கதிரையும் இல்லை. சூசைதாசனின் மகன் பேஸ் கிற்றாரை எடுத்துக்கொண்டு முன்னால் வந்து வாசிக்கத் தொடங்கினான். கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் அது செபமாலையின் விரல்தான். அற்புதராணி கண்ணை மூடிக்கொண்டாள்.

திறந்தபோது பின்னாலிருந்து வெளிச்சம் வந்துகொண்டிருந்தது. திரும்பிப் பார்த்தாள். ஒருவர் போனை உயர்த்தியிருந்தார். பக்கத்தில் இன்னொருவர். பிறகு ஒரு வரிசை, அதற்குப் பிறகு மைதானம் முழுவதும். யாரும் அவர்களிடம் சொல்லவில்லை. ரொறன்ரோவில் எப்படிச் செய்தார்கள் என்று எல்லாருக்கும் தெரியும். சொந்த ஊரில் அதைச் செய்யாமல் விடுவார்களா?

லெனாட் பாட்டை நிறுத்தினான். “பிள்ளையள், லைற்றை நிப்பாட்டுங்கோ” என்றான். “தயவுசெய்து. வேண்டாம்.” சொல்லும்போது அவன் குரல் உடைந்தது. துக்கம் தாங்காமல் சொல்கிறான் என்று சனம் விளங்கிக்கொண்டது. கைதட்டல் எழுந்தது. உயர்த்தாதவர்களும் உயர்த்தினார்கள். பின்னாலிருந்து யாரோ செபமாலையின் பெயரைச் சொல்லிக் கூப்பிட, மைதானமே கூப்பிட்டது. லெனாட் முன்வரிசையைப் பார்த்தான். இரண்டு கைகளையும் விரித்தான். பிறகு, வேறென்ன செய்ய, பாடினான்.

மேடையில் ஏறி, அவர் சாகவில்லை என்று மைக்கில் சொன்னால் என்ன என்று அற்புதராணி நினைத்தாள். எழும்பக்கூடப் பார்த்தாள். சொன்னால் அதற்கும் கைதட்டுவார்கள் என்று தோன்றியது. மகளைப் பிடித்துக்கொண்டு வெளியே போய்விடலாம் என்று பக்கத்தில் திரும்பினாள். றொசாந்தியும் போனை உயர்த்தியிருந்தாள். கன்னம் நனைந்திருந்தது. அவளுடைய கையைப் பிடித்து இறக்க அற்புதராணி தன் கையை நீட்டினாள். நீட்டியதை மடியில் திரும்ப வைத்துக்கொண்டாள்.

ஓட்டோ பிடித்து வந்தார்கள். பண்ணைக் கடல் பக்கமிருந்து காற்று அடித்தது. வீட்டு ஒழுங்கையில் இறங்கிய பிறகுதான் றொசாந்தி வாயைத் திறந்தாள்.

“அம்மா, நீங்கள் அப்பாவோடை வாழ்ந்தனீங்கள். உங்களுக்குப் பாத்துக்கொண்டிருக்க ஒரு முகம் இருக்கு. நான் அவரைக் காணவே இல்லை. எனக்கு அழவெண்டாலும் ஒரு நாள் வேணும்.”

அற்புதராணி படலையைத் திறந்துவிட்டு ஒதுங்கி நின்றாள். மகள் உள்ளே வரவில்லை. இரண்டு ஒழுங்கை தள்ளியிருந்த தன் வீட்டுக்கு நடந்தாள்.

லெனாட் பாரிசுக்குத் திரும்பிப்போய்ச் சில கிழமைக்குப் பிறகு, கோயில் பாடகர் குழாமில் இருக்கிற ஒருத்தி, தாய்க்கு ஏற்கெனவே தெரியும் என்று நினைத்தவள்போல் ஒரு செய்தியைச் சொன்னாள். றொசாந்தி வேறொரு பங்கில் தகப்பனுடைய ஆன்ம இளைப்பாற்றிக்குப் பூசைக்குக் கொடுத்திருக்கிறாளாம், வருகிற சனிக்கிழமை. அற்புதராணி போனை எடுத்தாள். வேண்டாம் என்று ஒரு சொல் சொன்னால் மகள் நிறுத்திவிடுவாள். அது அவளுக்கு நன்றாகத் தெரியும். நம்பர் வரை போய்விட்டுப் போனை மேசையில் வைத்தாள்.

சனிக்கிழமை வேலைக்கு லீவு சொன்னாள். பூசைக்கும் போகவில்லை. விடிய எழும்பிச் சந்தைக்குப் போய் நல்ல விளைமீனாகப் பார்த்து வாங்கிவந்தாள். குழம்பு வைத்து, கத்தரிக்காய் பொரித்து, சோறு வடித்து, பகலைக்குச் சாப்பிட வரச் சொல்லி மகளுக்குச் செய்தி அனுப்பினாள். மகளும் மருமகனும் வந்தார்கள். றொசாந்தி வெள்ளைச் சேலையில் வந்திருந்தாள். வாசலில் தயங்கி நின்றாள். எங்கே போய்விட்டு வருகிறீர்கள் என்று தாய் கேட்கவில்லை. கையைக் கழுவிவிட்டு இருக்கச் சொன்னாள். எல்லாருக்கும் பரிமாறினாள். மகளுடைய சோற்றுக் கோப்பையில் மீனின் நடுத்துண்டைப் போட்டாள்.

“குழம்பு காணுமே, இன்னும் விடட்டோ?” என்று கேட்டாள்.

“காணும் அம்மா” என்றாள் றொசாந்தி.