கோட்டைப்பட்டினத்துக் காற்றில் வந்த உப்பு

காலை ஏழு மணிக்கு இலுப்பூரில் பஸ் ஏறினோம். நான், மகள் ஜைனப்பு, ஐந்து வயது மகன் காசிம். கோட்டைப்பட்டினத்தில் இருக்கும் என் அக்காவைப் பார்க்கப் பயணம். ஜைனப்புக்கு ஒன்பது வயது. அன்றுதான் முதல் முழு நோன்பு. “பயணத்துல விட்டுட்டு அப்புறம் பிடிக்கலாம்மா, மார்க்கத்துல சலுகை இருக்கு” என்றேன்.

“போன வருசம் அரை நோன்புன்னு ஓதுற எடத்துல எல்லாரும் சிரிச்சாங்க அத்தா. இன்னைக்கு முழுசு.”

புதுக்கோட்டையில் வண்டி மாறி அறந்தாங்கி, அங்கிருந்து இன்னும் இருபது மைல். வழியெல்லாம் ஜைனப்பு கேள்வி கேட்டாள். பக்கத்துப் பனை ஏன் வேகமாக ஓடுது, தூரத்துப் பனை ஏன் மெதுவா ஓடுது? நான் எட்டாவது வரைதான் படித்தவன். தெரிந்ததைச் சொல்லத் தயங்குவதில்லை. “மரம் ஓடல, நாம ஓடுறோம். கிட்ட உள்ளது சட்டுன்னு கண்ணைவிட்டுப் போயிரும். எட்ட உள்ளது போக நேரமாகும்.”

கண்டக்டர் திரும்பினார். “பாய், அரை டிக்கெட்டுக்கு இம்புட்டுப் பேச்சு ஆகாது. முழுசாப் போடவா?”

மாலை நாலரைக்கு அஸர் தொழுதுவிட்டு, அக்கா வீட்டுக்காரர், எங்கள் மச்சானோடு கடற்கரைக்குப் போனோம். வாயில் தண்ணீர் பட்டுவிடுமென்று ஜைனப்பு அலையைவிட்டுத் தள்ளியே நின்றாள். கொஞ்ச நேரத்தில் அழுதுகொண்டு வந்தாள்.

“அத்தா, ஒதடு உப்பா இருக்கு. முழுங்கிட்டேன். நோன்பு முறிஞ்சிருச்சா? தண்ணிகிட்டயே போகலையே, எப்படி வந்துச்சு?”

மூக்குக் கண்ணாடியைக் கழற்றினேன். வீட்டில் துடைத்ததுதான், அதற்குள் வெள்ளையாய் மங்கியிருந்தது. “அலை ஒடையும்போது தூசி மாதிரித் துளி பறக்கும். காத்து அதைத் தூக்கிட்டு வரும். தண்ணி காஞ்சு உப்பு மட்டும் ஒட்டிக்கும்.”

அவள் நம்பவில்லை. ருசித்துக் காட்டலாமென்றால் எங்கள் மூவருக்கும் நோன்பு. காசிமைக் கூப்பிட்டேன். ஒரு பக்கக் கண்ணாடியை நக்கி, “உப்பு” என்றான். கேட்காமலே மறுபக்கத்தையும் நக்கினான்.

“அப்ப நோன்பு?”

“நாமளா முழுங்காம காத்துல வந்தது முறிக்காதும்மா.”

“எனக்காகச் சொல்றீங்க.”

வலையைத் தட்டிக்கொண்டிருந்த மச்சான் நிமிர்ந்தார். “மருமகளே, இந்த உப்புக்கு நோன்பு போகும்னா, இந்தக் கரையில ஒருத்தனுக்கும் நோன்பு கிடையாது. நான் முப்பது வருசமாச் சும்மா பட்டினி கெடந்திருக்கேன்.”

அழுகைக்கு நடுவே சிரித்தாள். பாங்கு சொல்லும் வரை வாயை இறுக மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பேரீச்சம்பழத்தைக் கையில் வைத்ததும் பிஸ்மி சொல்லி வாயில் போட்டாள். அல்லாஹ் ஏற்றுக்கொள்வானாக.

மறுநாள் காலை கிளம்பும்போது அக்கா வீட்டுக் கதவுக் கொண்டி கண்ணில் பட்டது. இலுப்பூரில் என் வீட்டுக் கதவுக் கொண்டி பத்து வருசமாக அப்படியே இருக்கிறது. இது போட்டு ஒரு வருசம்கூட ஆகவில்லை, உப்புக்காற்றில் துருவேறி உதிர்கிறது. அந்தக் காற்றைச் சுவாசித்துக்கொண்டுதான் அந்தச் சனங்கள் முப்பது நோன்பும் பிடிக்கிறார்கள்.

பஸ் வந்தது. நான் வாய் திறக்குமுன் ஜைனப்பு சொன்னாள்: “இன்னைக்கும் பயணம்தான் அத்தா, தெரியும். நோன்புதான்.”