மர்பி டவுனில் வெளியுறவுக் கொள்கை

கன்னட ஊரில் தமிழர்கள் நிறைந்த எங்கள் மர்பி டவுன் தெருவில் கட்சி வேலை பார்ப்பவர்களுக்குள் எழுதப்படாத ஓர் ஒப்பந்தம் உண்டு. மாநிலத்தில் ஆளும் கட்சிக்காரர்கள் உலக விவகாரம் பேச வேண்டும். டெல்லியில் ஆளும் கட்சிக்காரர்கள் சாக்கடை பேச வேண்டும். தன் பொறுப்பில் இல்லாததைப் பேசும்போதுதான் குரல் கணீரென்று வருகிறது.

என் மனைவியின் தம்பி முதல் வகை. வார்டு தேர்தல் எப்போது வந்தாலும் சீட்டு தனக்குத்தான் என்று பல வருடங்களாகக் காத்திருப்பவன். கட்சிப் பெரியவர் ஒருவர் எங்கள் தெருமுனைக் கூட்டத்துக்கு வருகிறார், அன்றைய பேச்சை வைத்துத்தான் முடிவு என்று தெரிந்ததும் பேச்சு எழுதி வாங்க என்னிடம் ஓடி வந்தான்.

“மாமா, தண்ணி மேட்டர் மட்டும் வேணாம். அது நம்ம கவர்மென்ட். அமெரிக்கா வரி போட்டுச்சே, அத்த வச்சு டெல்லிய கிழிச்சுடு.”

படித்ததையெல்லாம் சொல்ல வீட்டில் ஓர் ஆள் கிடைக்காத மனிதனிடம் இப்படிக் கேட்கலாமா? ரஷ்ய எண்ணெய், டாலர், அணிசேராமை என்று நான்கு பக்கம் எழுதினேன். சூயஸ் கால்வாயையும் விட்டுவைக்கவில்லை.

கூட்டத்தன்று மச்சான் கன்னடத்தில் இரண்டு வாக்கியம் வணக்கம் சொல்லிவிட்டுத் தமிழுக்குத் தாவினான். பெரியவர் பிளாஸ்டிக் நாற்காலியில் தலையாட்டிக்கொண்டிருந்தார். அணிசேராமை வந்த இடத்தில், கார்மென்ட்ஸில் டெய்லராக இருக்கும் எதிர்வீட்டு அக்கா எழுந்தார்.

“தம்பி, அந்த வரியால எங்க கம்பெனிக்கு ஆர்டர் நின்னுபோச்சு. வாரத்துல மூணு நாளு வீட்லதான் கீறோம். டெல்லி தப்பு, சரி. இங்க கவர்மென்ட் உன்னுதுதானே? அது எங்களுக்கு இன்னா பண்ணுது?”

மச்சான் பக்கத்தைப் புரட்டினான். அங்கே சூயஸ் கால்வாய் இருந்தது.

“ஸ்வல்ப இருங்கக்கா, அப்பால பேசலாம்.”

“அப்பால இன்னா அப்பால? வீட்ல இருக்குற நாள்லயாவது தண்ணி வருதான்னா, அதுவும் காணோம்.”

கூட்டத்தில் யாரோ விசிலடித்தார்கள். மச்சான் மேடையிலிருந்து என்னைப் பார்த்தான். நான் மும்முரமாகச் செல்போனைத் தேய்க்க ஆரம்பித்தேன்.

பெரியவர் எழுந்து நேரே அக்காவிடம் போனார். வார்டைப் பெண்களுக்கு ஒதுக்கப்போவதாகக் கட்சிக்குள் பேச்சாம். எங்களுக்குத்தான் யாரும் சொல்லவில்லை.

“எலெக்‌ஷன்ல நிக்கிறியாம்மா?” என்றார்.

“முதல்ல நாளைக்கு எங்ககூட லேபர் ஆபீசுக்கு ஆள அனுப்புங்க. நிக்கிறதப் பத்தி அதுக்கப்புறம் பாக்கலாம்” என்றார் அக்கா.

பெரியவர் சுற்றிலும் பார்த்துவிட்டு மச்சானைக் கைகாட்டினார்.

மறுநாள் காலை பதினொரு மணிக்கு மச்சானிடமிருந்து போன். பின்னணியில் பெண்களின் சத்தம்.

“மாமா, அர்ஜென்ட்டா ஒரு மனு எழுதி அனுப்பு. ஒரே பக்கம். அதுல அமெரிக்கா ஒரே ஒரு தடவதான் வரணுமாம், அக்கா சொல்லிட்டாங்க.”