நாலு கை உப்பு

என் கணவரின் அக்காள் ஞாயிறுதோறும் பட்டர்வொர்த்திலிருந்து ஃபெரிப் படகு ஏறி, ஜார்ஜ்டவுனில் இருக்கும் எங்கள் பிளாட்டுக்கு வருவார். வந்ததும் தேநீர் கேட்பார். ஒரு வாய் குடித்துவிட்டு, யார் இருந்தாலும் கவலைப்படாமல் குறை சொல்வார். கல்யாணமான புதிதில் அழுதேன். நான்கு வருடத்தில் அழுகை நின்றுவிட்டது, கோபம் நிற்கவில்லை.

அன்று என் அலுவலகத் தோழிகள் இருவர் வந்திருந்தார்கள். அவர்கள் முன்னாலேயே, "பாத்திரம் கழுவுன தண்ணி மாதிரி இருக்குலா. உங்கம்மா ஒன்னும் சொல்லிக் குடுக்கலையா?" என்றார். அம்மா இறந்து மூன்று மாதம்கூட ஆகியிருக்கவில்லை. வேறு போட்டுத் தருவதாகச் சொல்லி உள்ளே போய், டின்பால் கலந்த தேநீரில் உப்பைப் போட்டேன். யாரும் பார்ப்பதற்குள் போட்ட அவசரத்தில் நினைத்ததைவிடக் குறைவாகவே விழுந்தது.

அவர் முகம் கோணுவதைப் பார்க்கக் காத்திருந்தேன். அவரோ கடைசிச் சொட்டுவரை குடித்துவிட்டு இன்னொரு கப் கேட்டார். அடுப்படியில் மிச்சத்தை நானும் குடித்துப் பார்த்தேன். தேயிலையின் கசப்பு அடங்கியிருந்தது. பாலின் இனிப்பு நாக்கிலேயே நின்றது. எனக்கு இன்னும் ஆத்திரமாக வந்தது.

அவர் துருவித் துருவிக் கேட்டதால், உப்புதான் போட்டேன் என்று சொல்லிவிட்டேன். ஒரே மாதத்தில் அது சொந்தக்காரர்களிடையே அவருடைய கைப்பக்குவமாகிவிட்டது. ஒரு கல்யாண வீட்டில் என்னை வைத்துக்கொண்டே, எனக்கும் அவர்தான் கற்றுக்கொடுத்ததாகச் சொன்னார். நான் சிரித்து வைத்தேன்.

பிறகு புக்கிட் மெர்தாஜாமில் புது வீடு வாங்கினார். குடிபோகும் நாள் காலையில் எனக்குப் போன் செய்து, பெரிய பானைக்கு எவ்வளவு உப்பு என்று கேட்டார்.

"நாலு கை அள்ளிப் போடுங்கக்கா. பால் இழுத்துக்கும்" என்றேன்.

சேலை மாற்றும் அவசரத்தில் அவர் ருசி பார்க்கவில்லை. பெருமையோடு முதல் கப்பைச் சம்பந்தியம்மாளுக்கு நீட்டினார். அந்த அம்மாள் வாசல் பூந்தொட்டியில் துப்பினார். மற்றவர்கள் ஒவ்வொருவராகக் கப்பைக் கீழே வைத்தார்கள்.

அக்காள் என்னை அடுப்படிக்கு இழுத்துப் போனார். "வேணும்னுதானே சொன்ன?"

"ஆமாக்கா."

திரும்பும்போது கணவர் ரேடியோவைச் சத்தமாக வைத்துக் கடல்பாலத்தைத் தாண்டினார். எனக்கு நல்ல பசி.

இப்போது அக்காள் மாதம் ஒருமுறைதான் வருகிறார். எதுவும் வேண்டாம், தண்ணீர் போதும் என்கிறார். நான் வற்புறுத்துவதில்லை.