மைனஸ் எண்பதில் இருந்தவள்

அவரை நாங்கள் எல்லோரும் கூலிங் என்றுதான் சொல்வோம். ஃப்ரிட்ஜ், ஏசி, ஐஸ் பெட்டி என்று குளிரை வைத்தே பிழைத்த மனுஷர். ஆனால் டீயில் ஆவி பறக்கவில்லை என்றால் தொடமாட்டார். என்னைவிட இரண்டு வயது மூத்தவர், என்னை வாய் நிறைய அக்கா என்பார். முதல் நாளே சொல்லிவிட்டேன், "யாருக்கு யாரு அக்கா? முதல்ல உங்க தலைய கண்ணாடியில பாருங்க."

"மரியாதைக்குதான்கா" என்றார். திருத்த முடியாத ஜென்மம் என்று விட்டுவிட்டேன்.

நான் வேலை பார்ப்பது புரதம் செய்யும் ஆய்வுக்கூடத்தில். புரதம் என்றதும் முட்டை, பால் என்று ஆரம்பித்துவிடாதீர்கள். என் சொந்தக்காரர்கள் ஒவ்வொரு கல்யாணத்திலும் அதைக் கேட்டே என் உயிரை வாங்கிவிட்டார்கள். உடம்பில் நடக்கும் ஒவ்வொரு வேலைக்கும் ஒரு புரதம் இருக்கிறது. நூலில் கோத்த மணிமாலை மாதிரி நீளமாக இருந்து, தானே சுருண்டு ஒரு வடிவத்துக்கு வரும். அந்த வடிவம்தான் அதன் வேலை. நடுவில் ஒரு மணியை எடுத்துவிட்டு வேறொன்றைப் போட்டால் வடிவம் மாறும், வேலையும் மாறும். அப்படி மணி மாற்றுவதுதான் எங்கள் பிழைப்பு. மாற்றுவதில் முக்கால்வாசி திரிந்த பாலாகக் கட்டி தட்டிப்போய் குப்பைக்குத்தான் போகும். அதையும் நான்தான் கழுவ வேண்டும்.

கூலிங்கின் கதைக்கு வருகிறேன். அப்பா சீக்கிரம் போய்விட்டதால் பத்தாவதோடு படிப்பை மூட்டை கட்டிவிட்டு ஒரு ஏசி பட்டறையில் சேர்ந்தவர். ஒரு சினிமா தியேட்டருக்கு வேலைக்குப் போனபோது டிக்கெட் கவுன்டரில் ஒரு பெண் சால்வையைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். "இந்தக் காத்த நிறுத்துங்க, பல்லு கிட்டிப் போகுது" என்றாளாம். இவர் சரிசெய்துவிட்டு வந்தார். மறுபடி கம்ப்ளெயின்ட். மறுபடி போனார். மூன்றாம் முறை போனபோது அவளே ஒரு அட்டையைக் கத்தரித்து காற்று வரும் இடத்தில் ஒட்டி வைத்திருந்தாள்.

"ஊரெல்லாம் என்னை ஏசிய ஓட வைக்கக் கூப்பிடுறாங்க, இவ நிறுத்தக் கூப்பிட்டாக்கா" என்று சொல்லிச் சொல்லிச் சிரிப்பார். அவளைத்தான் கட்டிக்கொண்டார். நல்ல வெயில் காலத்திலும் அந்த வீட்டில் ஃபேன் ஒன்றாம் நம்பரில்தான் ஓடும். அவள் போர்வையை இழுத்து மூடிக்கொள்வாள், இவர் வேர்த்துக் கொட்டிக்கொண்டு பக்கத்தில் படுத்திருப்பார். ஒரு மகள் பிறந்தாள்.

மகளுக்கு நான்கு வயதானபோது அந்தக் காய்ச்சல் வந்தது. அதுவரை யாரும் கேள்விப்படாத காய்ச்சல். முதலில் அவர் மனைவிக்குத்தான். உடம்பு அனலாகக் கொதிக்கிறது என்றாள். "கவுன்டர்ல ஏசி காத்து பட்டிருக்கும், சரியாப் போயிடும்" என்றார் இவர். அவள் கேட்கவில்லை, தானாகவே ஆஸ்பத்திரிக்குப் போனாள். ரத்தம் எடுத்துப் பார்த்தார்கள். ஒன்றுமில்லை, சாதாரணக் காய்ச்சல்தான் என்று மாத்திரை கொடுத்து அனுப்பிவிட்டார்கள். வீட்டுக்கு வந்து, "நீங்க சொன்னதுதான் சரி" என்றாளாம்.

மூன்று நாளில் இவருக்கும் தொற்றி, புருஷன் பெண்டாட்டி இரண்டு பேரையும் அள்ளிக்கொண்டு போய் வார்டில் போட்டார்கள். முதல் ஓரிரண்டு நாளுக்குள் வந்து சேர்ந்தவர்களை நரம்பில் மருந்து ஏற்றிக் காப்பாற்றிவிட்டார்கள். பிந்தி வந்தவர்கள் அவரவர் உடம்பின் தெம்பைப் பொறுத்துத்தான். இவர் பிழைத்தார். அவள் பெண்கள் வார்டிலேயே கண்ணை மூடினாள். ஒரு சுவர்தான் நடுவில். இவரால் எழுந்து போய்ப் பார்க்கக்கூட முடியவில்லை.

பிழைத்தவர்களின் ரத்தம் வேண்டும் என்று எங்கள் மேடம் கேட்டபோதுதான் அவரை முதலில் பார்த்தேன். மேடம்தான் எங்கள் ஆய்வுக்கூடத்துக்குத் தலைமை. கூலிங் ஒரு கையில் மகளைப் பிடித்துக்கொண்டு வந்தார், இன்னொரு கையை நீட்டினார். "நல்லா எடுத்துக்கங்க" என்றார். அவ்வளவுதான் பேச்சு.

பிழைத்தவர் உடம்பில் கிருமியைப் பிடிக்கும் புரதம் ஒன்று உண்டாகியிருக்கும். ஆன்டிபாடி என்பார்களே, அதுதான். கூலிங் ரத்தத்தில் ஒன்று கிடைத்தது. அதன் செய்முறையை எடுத்து எங்கள் குடுவையில் வளரும் செல்களுக்குக் கொடுத்தோம், அவை செய்து தந்தன. காய்ச்சல் கிருமியை அது பிடிக்கவும் செய்தது. ஆனால் ஸ்பிரிங் தளர்ந்த துணி கிளிப் மாதிரிப் பிடித்தது. கிருமி மண்டிக்கிடந்தால் கொஞ்சம் தெரியும். காய்ச்சல் ஆரம்பித்த அன்று, கிருமி கொஞ்சமாக இருக்கும்போது, கழுவுகிற தண்ணீரிலேயே விட்டுவிடும். முதல் நாளில் கண்டுபிடிக்க முடியாத ஆன்டிபாடி யாருக்கு உதவும்? மேடம் அன்றைக்கு மணி மாற்ற ஆரம்பித்தவர்தான். வருடங்கள் ஓடின. பிள்ளைகள் வந்து படித்துப் பட்டம் வாங்கிப் போனார்கள். கிளிப் இறுகவில்லை.

ஒரு விடுமுறை நாள் மத்தியானம் எங்கள் பெரிய ஃப்ரீசர் படுத்துவிட்டது. மைனஸ் எண்பது டிகிரியில் இருக்க வேண்டிய பெட்டி, மைனஸ் ஐம்பதுக்கு வந்து அலறுகிறது. யார் யாருக்கோ போன் போட்டேன், ஒருத்தரும் எடுக்கவில்லை. கூலிங் ஞாபகம் வந்தது. செருப்பைக்கூட மாற்றிப் போட்டுக்கொண்டு ஓடி வந்தார். தட்டு தட்டாக எடுத்துப் பக்கத்து ஃப்ரீசருக்கு மாற்றினோம்.

பாதியில் நின்று கேட்டார். "அக்கா, என்னோட ரத்தம் இதுலதானே இருக்கு?"

"ஆமா."

"அவளோடதையும் குடுத்தோம்னு ஆஸ்பத்திரியில சொன்னாங்களே."

எனக்குப் பொய் வராது. வந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். "இருக்கு. இதோ, இந்தப் பெட்டியில. முதல் நாள் ரத்தம் பாக்கப் போனாங்களே, அன்னைக்கு எடுத்தது. கிருமிய அப்பவே மருந்து போட்டுக் கொன்னாச்சு, பயப்படாதீங்க."

அவர் எங்கே பயந்தார். கையுறை போட்ட விரலால் அந்தப் பெட்டியின் ஓரத்தைத் தொட்டுக்கொண்டே நின்றார். "குளிரே தாங்காதுக்கா அவளுக்கு" என்றார்.

"சீக்கிரம் வேலையப் பாருங்க, உருகிடப் போகுது" என்று எரிந்து விழுந்தேன். அழுகை வந்தால் எனக்குக் கோபமாகத்தான் வரும்.

அன்றிலிருந்து வாரம் தவறாமல் வந்துவிடுவார். கதவு ரப்பரில் பனி பிடித்திருக்கிறதா என்று பார்ப்பார், பின்பக்கத் தூசியைத் துடைப்பார், டிகிரியைப் பார்ப்பார். பைசா வாங்கமாட்டார். கிளம்பும்போது கதவை இரண்டு தட்டு தட்டி "வரேன்" என்பார். "யாருக்குச் சொல்றீங்க, எனக்கா பெட்டிக்கா?" என்று சீண்டுவேன். சிரித்துக்கொண்டே போய்விடுவார். மகள் வளர்ந்து வேறு ஊரில் ஹாஸ்டலில் தங்கிப் படிக்கப் போனாள். வீட்டில் அவர் மட்டும்தான். ஃபேன் அப்போதும் ஒன்றில்தான் ஓடிக்கொண்டிருந்தது.

போன வருடம் மேடம் நான்கு மணிகளை மாற்றிச் செய்த ஒரு புதிய ஆன்டிபாடி வந்தது. பிடித்தால் விடவே இல்லை. செயற்கையாகச் செய்த கிருமிப் புரதத்தை வைத்துப் பார்த்தோம், அத்தனையிலும் தேறியது. அதே நேரம் பார்த்து, வேறொரு ஊரில் அந்தக் காய்ச்சல் திரும்ப வந்திருக்கிறது என்று செய்தி. அங்கே அனுப்ப வேண்டும் என்றால், உண்மையான நோயாளியின் முதல் நாள் ரத்தத்தில் பிடிக்கிறதா என்று காட்ட வேண்டும். அங்கே இப்போது வருகிறவர்கள் முற்றிய பிறகுதான் வருகிறார்கள். முதல் நாள் ரத்தம் உலகத்தில் எங்களிடம் மட்டும்தான் இருந்தது. அதுவும் பழைய ஆன்டிபாடியை வைத்துப் பார்த்ததில் எல்லாம் செலவாகி, கூலிங் மனைவியுடைய ட்யூபின் அடியில் மட்டும் ஒரு பெரிய சொட்டு. அவ்வளவுதான்.

"எடுத்துடுங்க" என்றார் மேடம்.

"அவர்கிட்ட கேக்காம நான் எடுக்க மாட்டேன்."

"கேக்கணும்னு விதி இல்லையே."

"விதி இல்லைன்னா நீங்களே எடுங்க" என்று கையுறையைக் கழற்றி மேசையில் போட்டேன். மேடம் கெட்டவர் இல்லை. "கேளுங்க" என்றார்.

கேட்டேன். அவ்வளவு சாதுவான மனுஷருக்கு முகம் சிவந்துவிட்டது. "முடியாது" என்றார். "என்னோடத எவ்வளவு வேணும்னாலும் எடுத்துக்கங்க. இந்தாங்க, இப்பவே எடுங்க" என்று சட்டைக் கையை மடித்தார். "உங்களோடதுல கிருமி இல்லையே" என்றேன். "அதை மட்டும் விட்டுடுங்கக்கா. எனக்குன்னு அது ஒண்ணுதான் இருக்கு" என்றார். அதன் பிறகு நான் ஏன் வற்புறுத்தப்போகிறேன்? மேடத்திடம் போய், முடியாதாம் என்றேன். அவரும் விட்டுவிட்டார்.

ஆனால் கூலிங் வருவதை நிறுத்திவிட்டார். மூன்று வாரம் ஆளே இல்லை. ஃப்ரீசர் கதவில் பனி பிடித்தது. நானே சுரண்டினேன்.

நான்காவது வாரம் காலையில் நான் பூட்டைத் திறக்கும்போதே வாசலில் நின்றிருந்தார். தாடி மண்டியிருந்தது. அந்தக் காய்ச்சல் வந்த ஊரில், ஆஸ்பத்திரி மருந்து ஃப்ரிட்ஜ் கெட்டுப்போய் இவரைக் கூப்பிட்டிருக்கிறார்கள். வேலையை முடித்துவிட்டு வெளியே வந்தால், வார்டுக்கு வெளியில் ஒருவன் சாப்பாட்டுக் கூடையோடு நிற்கிறானாம். உள்ளே விடமாட்டார்கள் என்று தெரிந்தும் நிற்கிறான்.

"அவன்கிட்ட பேச்சுக் குடுத்தேன்கா. முதல்ல வந்தப்ப சாதாரணக் காய்ச்சல்னு மாத்திரை குடுத்து அனுப்பிட்டாங்களாம். அதே வார்த்தை. அந்தக் கூடைய வாங்கி வச்சுக்கக்கூட ஆள் இல்ல." அதைச் சொன்ன கையோடு, "எடுத்துக்கங்க" என்றார். "ஆனா நான் பக்கத்துல இருக்கணும்."

ரத்தத்தை ஐஸ் மேல் வைத்துத்தான் மெல்ல உருக்க வேண்டும். அது எங்கள் விதி. சுவரில் ஒட்டியிருக்கும் அந்த விதியை எழுதியவளும் நான்தான். அவருக்குக் கையுறையும் கோட்டும் மாட்டிவிட்டு, ட்யூபை எடுத்து அவர் உள்ளங்கையில் வைத்தேன். "மூடிக்கங்க. அது தானா உருகிடும்."

அவர் இரண்டு கையாலும் மூடிக்கொண்டார். குனிந்து நெஞ்சோடு வைத்துக்கொண்டார். ஒரு சொட்டு உருக எவ்வளவு நேரம் ஆகிவிடும்? எனக்கு அந்த நேரம் போதவில்லை, அவருக்கு எப்படிப் போதும். கையை விரித்தபோது உருகியிருந்தது. "சூடாயிடுச்சுக்கா" என்றார்.

அந்தச் சொட்டைப் பிரித்து, தட்டில் இரண்டு வரிசைக் குழிகளில் விட்டேன். மேல் வரிசையில் அவருடைய பழைய ஆன்டிபாடி, கீழ் வரிசையில் புதியது. ஒரு மணி நேரம் பொறுத்து, கழுவினேன். மறுபடி கழுவினேன். பிடித்திருந்தால் நிறம் வரும், விட்டிருந்தால் வராது. கடைசியில் சாயத்தை விட்டேன்.

மேல் வரிசை வெறும் தண்ணீராகவே கிடந்தது. கீழ் வரிசையில் லேசாக நீலம் தட்டியது, பிறகு நல்ல நீலமாக ஏறியது. மேடம் எட்டிப் பார்த்து "அடேயப்பா!" என்று கத்தப்போனவர், யார் உட்கார்ந்திருக்கிறார் என்பது ஞாபகம் வந்து வாயைப் பொத்திக்கொண்டார்.

"பிடிச்சிடுச்சாக்கா?"

"பிடிச்சிடுச்சு."

"அப்ப ஒண்ணுமில்லைன்னு சொன்ன அன்னைக்கே அவ உடம்புல இருந்திருக்கு."

"இருந்திருக்கு."

மேல் வரிசையைக் காட்டினார். "இது?"

"அது உங்களோடது. பழசு."

"விட்டுடுச்சு" என்றார்.

எனக்குப் பொறுக்கவில்லை. "கீழ இருக்கறதும் உங்களோடதுதான்யா! நாலு மணிய மாத்தினோம், அவ்வளவுதான். இனிமே எத்தனை பேரு பிழைப்பாங்க தெரியுமா?"

"பிழைக்கட்டும்கா. நல்லா பிழைக்கட்டும்." அந்த நீலத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். "அவ காய்ச்சல்னு சொன்னா. நான் ஏசி காத்துன்னு சொன்னேன். கடைசியில என் பேச்சையே நம்பிட்டாக்கா." வளர்ந்த மனுஷர் தோள் குலுங்க அழுதார். மேடம் எழுந்து வெளியே போனார். நான் போகவில்லை. நானும் அழுதேன், இதில் என்ன வெட்கம்.

காலி ட்யூப் மேசையில் கிடந்தது. கொதிக்க வைத்துக் கழுவித் தரட்டுமா, வைத்துக்கொள்கிறீர்களா என்று கேட்டேன். தலையை ஆட்டினார். "வேணாம்கா. அதுல இப்ப யாரும் இல்ல."

கோட்டைக் கழற்றி மடித்துக் கொடுத்தார். வெளியே போகும் வழியில்தான் ஃப்ரீசர் இருந்தது. நான் பின்னாலேயே போனேன். டிகிரியைப் பார்க்கவில்லை, ரப்பரைத் தொடவில்லை. கை மட்டும் பழக்கத்தில் கதவுப் பக்கம் பாதி போய், கீழே இறங்கியது. என் பக்கம் திரும்பி, "வரேன்கா" என்றார். "ஏதாவது ரிப்பேர்னா கூப்பிடுங்க."

ஃப்ரீசர் படுத்த அந்த விடுமுறை நாளுக்குப் பிறகு இத்தனை வருடத்தில் அவரை ஒரு தடவைகூட நாங்கள் கூப்பிட்டதில்லை, அவராகவேதான் வந்துகொண்டிருந்தார்.