கூடத்தில் இட்லி

பிரெஞ்சுக்காரன் கப்பலேறிய மறுவருஷமே அப்பா கணக்கெழுதிய பிராந்தி இறக்குமதிக் கம்பெனியும் மூடிக்கொண்டது. வேலைதான் போயிற்றே தவிர மனுஷரின் மிடுக்கு போகவில்லை. காலையில் கோட்டும் தொப்பியும் மாட்டிக்கொண்டு கடற்கரைப் பக்கம் நடக்கப் போய்விடுவார். வயிறு என்று ஒன்று இருக்கிறதே! முத்தியால்பேட்டையில் எங்கள் வீட்டுச் சந்துப்பக்க ஜன்னலில் அம்மா மில் ஆட்களுக்கு இட்லி விற்க ஆரம்பித்தாள்.

"ஜன்னல்ல வித்துக்கோ. எம் பேரு மட்டும் வெளிய வரக்கூடாது," என்று அப்பா சொல்லிவிட்டார். அந்த இட்லியைத்தான் அவரும் சாப்பிட்டார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஒருநாள் விடியற்காலையில் அம்மாவின் வலது கையில் கொதிநீர் கொட்டிவிட்டது. இட்லியோ வெந்து கூடை நிறைய இருக்கிறது. விற்காவிட்டால் மறுநாள் அரிசிக்கு வழியில்லை. வயசுக்கு வந்த என்னை ஜன்னலில் நிற்க அம்மா விடமாட்டாள். வெளியே கிளம்பிய அப்பாவிடம், "இன்னிக்கு ஒருநாள் நீங்க குடுத்துடுங்க," என்றாள்.

அவர் நேரே போய்த் தெருக்கதவைத் திறந்தார். போயே விட்டார் என்று நினைத்தேன். சந்தில் காத்திருந்தவர்களிடம், "வாங்க முசியே, உள்ள வந்து உக்காருங்க," என்று பிரெஞ்சுக்காரத் துரையை அழைப்பதுபோல அழைக்கிற குரல் கேட்டது.

மனுஷர்களை ஜன்னலில் நிற்கவைத்துச் சோறு போட அவருக்கு வரவில்லை. எல்லோரையும் கூடத்து நாற்காலிகளில் உட்காரவைத்தார். விருந்தாளிக்கு மட்டும் எடுக்கும் பீங்கான் தட்டுகள் வந்தன. வீட்டுக்குள் தொப்பி போடுவது மரியாதையில்லையாம், அதைக் கழற்றி மேஜையில் மல்லாத்தி வைத்துவிட்டு, "இன்னும் ரெண்டு வச்சிக்குங்க," என்று கல்யாணப் பந்தி மாதிரி உபசரித்தார். காசை மட்டும் கேட்கவேயில்லை. தன் வீட்டில் சாப்பிட்டவரிடம் எப்படிக் கேட்பார்? கூடை காலியாயிற்று. உள்ளே அம்மா நல்ல கையால் தலையில் அடித்துக்கொண்டாள்.

சாப்பிட்டவர்களுக்கும் சங்கடம்தான். காசை யாரிடம் நீட்டுவது? கடைசியில் ஒருவர் எழுந்து, மேஜையிலிருந்த தொப்பிக்குள் போட்டார். மற்றவர்களும் அப்படியே போட்டுவிட்டுக் கும்பிட்டுப் போனார்கள். அப்பாவைப் பிச்சைக்காரராக்கிவிட்டார்களே, இன்றைக்கு வீடு ரெண்டுபடப் போகிறது என்று நினைத்தேன்.

அப்பா தொப்பிக்குள் எட்டிப் பார்த்தார். அப்புறம் தோள் குலுங்கச் சிரித்தார். உள்ளேயிருந்து அம்மாவும் சிரித்தாள். அந்தச் சிரிப்பைக் கேட்டு எத்தனை மாசமாயிற்று! சந்தோஷத்தில் எனக்கு அழுகையே வந்துவிட்டது.

சட்டைக் கையை மடித்துக்கொண்டு அப்பா அடுப்படி வாசலில் வந்து நின்று அம்மாவைக் கேட்டார்.

"ஏ புள்ள, நாளைக்கு எத்தினி படி ஊறப்போடட்டும்?"