கண்டனூர் ஊருணியில் அயிரை

2025 பிப்ரவரி 9, ஞாயிறு. வழக்கம்போல் ஐந்து மணிக்கு எழுந்து, மொட்டைமாடி மழைமானியைப் பார்த்துக் குறித்து (பூஜ்யம்), சர்க்கரையில்லாக் காப்பி குடித்து, மதுரையில் 6.20 பேருந்தில் ஏறினேன். கையில் வலையும், உயிர்மீன் கொண்டுவர ஒரு கேனும்.

காரைக்குடி 8.45. அங்கிருந்து கண்டனூர் எட்டு கிலோமீட்டர். ஆட்டோ, காத்திருப்பு சேர்த்து 600 ரூபாய்.

"வலையோட வாரீக, மீன் யாவாரமா சார்?" என்றார் ஓட்டுநர் முருகேசன்.

"அயிரை தேடி."

"அதுக்கு மார்க்கெட்டுக்குல்ல போகணும்!"

எனக்குச் சிரிப்பு வரவில்லை. விஷயத்தைச் சொன்னேன். அயிரை சேற்றில் புதைந்து வாழும் விரல் நீள மீன். அடுத்த வாரம் கண்டனூர் ஊருணித் தரைக்குச் சிமென்ட் போடுகிறார்கள். அங்கே உயிரோடு ஓர் அயிரை பிடித்துக் காட்டினால் வேலையை நிறுத்துவதாக ஊர்க் கமிட்டி சொல்லியிருக்கிறது. நான் வலைபோட்டு மீன் எண்ணுகிறவன். மரபணு ஆய்வுக்கூடத்துக்கு வலை வேண்டாம். மீனின் சளியும் கழிவும் கலந்த தண்ணீரே போதும். ஜனவரியில் நான் எடுத்தனுப்பிய தண்ணீரைப் படித்துவிட்டு, அயிரை உண்டு என்று எழுதியிருந்தார்கள்.

கரையில் சிமென்ட் மூட்டைகள் தார்ப்பாய்க்குள் அடுக்கியிருந்தன. 9.30 முதல் வலை வீசினேன். ஆப்பிரிக்கக் கெளுத்தி, திலேப்பியா, மறுபடி கெளுத்தி.

எதிரே, கல்யாணத்துக்கு வாடகைக்கு விடும் பெரிய வீட்டில் அன்று கறிவிருந்து. சமையல்காரர் பாண்டியம்மாள் அண்டாவோடு படித்துறைக்கு வந்தார்.

"என்ன சார், காலைலேர்ந்து அங்குட்டே வலைய ஒதறிக்கிட்டு இருக்கீக? இங்குட்டு வந்து பாருங்க, அயிரை!"

அண்டாவில், தேங்காய்ப்பாலுக்குள் அயிரைகள் நெளிந்தன. உயிரோடு பாலில் விட்டால் வயிற்று மண்ணைக் கக்கிவிடும், பிறகுதான் குழம்பு.

"இங்கே பிடித்ததா?"

"இங்க ஏது? தஞ்சாவூர்ப் பக்கமிருந்து வண்டில வருது. தை பொறந்ததுலேர்ந்து இந்த வீட்டு விருந்துக்கெல்லாம் நாந்தான் அலசுறேன்."

சொல்லிக்கொண்டே மண் கலந்த பாலை ஊருணியில் ஊற்றினார். வெள்ளை பரவிக் கரைந்தது. ஆய்வுக்கூடம் சரியாகத்தான் படித்திருக்கிறது. அயிரை இந்தத் தண்ணீரைத் தொட்டது என்பதுவரை மரபணு சொல்லும். இங்கே பிறந்ததா, எதைத் தின்றது, குஞ்சு விட்டதா என்று குளத்தில் இறங்கித்தான் கேட்க வேண்டும். கேட்டாயிற்று.

"நாலை அள்ளிக் கேன்ல போடுங்க சார்," என்றார் முருகேசன். "எந்த ஊருன்னு அதுகிட்ட ஆதார் கார்டா கேக்கப் போறாக?"

கேனைத் திறந்தேன். சற்று நேரம் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டு மூடினேன்.

திங்கள் காலை, மழைமானியைப் பார்ப்பதற்கும் முன்பாக, கமிட்டித் தலைவருக்கு ஒரு வரி அனுப்பினேன்: ஊருணியில் அயிரை இல்லை.