பாடு நாளும் படகுத்துறை கேமராவும்

எங்கள் ஊர் ஏரிப் படகுத்துறையில் இன்ஜின்கள் திருடு போக ஆரம்பித்ததும் ஊர்க்காரர்கள் சேர்ந்து கம்பத்தில் ஒரு கேமரா மாட்டினார்கள். பொன்னேரியில் வக்கீல் ஆபீசில் டைப்பிங் வேலை பார்ப்பவள் என்பதால் பாஸ்வேர்டு என்னிடம் வந்தது. அன்றோடு என் நிம்மதி போனது. மனு அடித்துக்கொண்டே பிரவுசரில் துறையையும் திறந்து வைத்திருப்பேன். பாதி நேரம் வட்டம் சுற்றும். மீதி நேரம் ஒரு நாய் படுத்திருக்கும். அதையும் விடாமல் பார்ப்பேன்.

ஒரு மதியம் ஏரிப் பக்கம் வானம் கறுத்தது. அம்மா போன் செய்தாள்.

"காத்து ஒரு மாரியா அடிக்குது. தம்பி இன்னும் வர்ல. அந்தக் கேமராவுல இன்னா தெரியுது பாரு."

திரையில் எங்கள் பச்சைப் படகு கரையில் கட்டியிருந்தது.

"வந்துட்டாம்மா. படகு கரையிலதான் நிக்குது. டீக்கடையில இருப்பான், நீ சும்மா பயப்படாத" என்றேன், பெரிய இவள் மாதிரி.

அம்மா போனை வைத்துவிட்டாள். கொஞ்ச நேரத்தில் திரையில் வந்து நின்றாள், தலையில் சாக்கைப் போட்டுக்கொண்டு, கொட்டும் மழையில், ஏரியைப் பார்த்தபடி. எனக்குக் கோபம் பற்றிக்கொண்டு வந்தது. நான் சொன்னால் நம்ப மாட்டாளா?

அப்புறம்தான் உறைத்தது. அன்று எங்கள் பாடு. ஏரி கடலோடு சேரும் முகத்துவாரத்துக்குப் பக்கத்தில் வலை போட ஊரில் ஆளுக்கு ஒரு நாள் என்று முறை உண்டு, அதைத்தான் பாடு என்போம். பாடு நாளில் தம்பி கூட்டாளியின் பெரிய படகில்தான் போவான். எங்கள் படகு கரையிலேயே கிடக்கும். ஊரில் சின்னக் குழந்தைக்கும் தெரிந்தது எனக்கு மறந்துபோயிருந்தது.

அம்மாவைக் கூப்பிட்டேன். போனை வீட்டிலேயே விட்டுவிட்டுப் போயிருக்க வேண்டும், அடித்துக்கொண்டே இருந்தது. அதற்குள் படம் அசையாமல் நின்றுவிட்டது. ரெஃப்ரெஷ் செய்தால் மறுபடி பாஸ்வேர்டு கேட்டது. அவசரத்தில் இரண்டு முறை தப்பாக அடித்தேன். தம்பிக்கு ஏதாவது ஆகியிருந்தால்? வக்கீல் உள்ளேயிருந்து கூப்பிட்டார், நான் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

படம் திறந்தபோது கரையில் அம்மா இல்லை. இடுப்பளவு தண்ணீரில் நின்று ஒரு படகின் விளிம்பைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தாள். மூன்று பேர் குதித்து இறங்கினார்கள். அதில் ஒருவன் முதுகில் ஓங்கி ஒன்று வைத்தாள். அடி வாங்கியவன் தம்பிதான். நான் மேசையில் தலையை வைத்து அழுதுவிட்டேன்.

அம்மா வீடு திரும்பியதும் போன் செய்தாள்.

"தம்பி வந்துட்டான். நான் பாத்துட்டேன். நீ வேலையப் பாரு."

நானும் பார்த்தேன் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.